யாரும் பார்க்காத வீடியோ: பெட்ரூமிலிருந்து சினிமாவுக்குப் போன போ பர்ன்ஹாம்

இந்த வாரக் கதை அமெரிக்காவுல நடக்குது. ஆனா எனக்கு அது ஆரம்பிச்சது வேளச்சேரியில, எங்க அக்கா வீட்டு ஹால்ல.

அக்கா பொண்ணு எட்டாவது படிக்கிறா. ஒருநாள் சாயங்காலம் போனை என்கிட்ட நீட்டி, "மாமா, இது என் சேனல்"னா. மொத்தம் 9 வீடியோ. ஸ்கூல் பையை எப்படி அடுக்குறது, புது செக்‌ஷன்ல ஃப்ரெண்ட்ஸ் பிடிக்கிறது எப்படி, இந்த மாதிரி. அதிகமா ஓடின வீடியோவுக்கு 14 வியூஸ். என் பிழைப்பே வீடியோ எடிட்டிங். வாய் சும்மா இருக்குமா? முதல் 3 செகண்டுல ஆளைப் பிடிச்சு நிறுத்தணும், தம்ப்நெயில்ல முகம் பெருசா இருக்கணும், இழுத்து இழுத்துப் பேசக்கூடாதுன்னு ஒரு மணி நேரம் கிளாஸ் எடுத்தேன். தலையைத் தலையை ஆட்டிக் கேட்டுக்கிட்டா. அடுத்த வாரம் போய்ப் பார்த்தா சேனல்ல ஒரு வீடியோ கூட இல்லை. எல்லாத்தையும் அழிச்சுட்டா.

நான் என்ன தப்பா சொல்லிட்டேன்னு அப்போ எனக்குப் புரியலை. சில மாசம் கழிச்சு 'எய்த் கிரேட்' படத்தைப் பார்த்தப்போதான் புரிஞ்சது. அந்தப் படத்தை எழுதி இயக்கினவர் யூடியூப் கண்டெடுத்த முதல் தலைமுறைக் காமெடியன்கள்ல ஒருத்தர். பேரு போ பர்ன்ஹாம். ஆமா, பேரே 'போ'தான். தமிழ்ல கேட்டா யாரோ விரட்டுற மாதிரி இருக்கும். ஆனா அந்த ஆள் எங்கிருந்து எங்கே போனார், நடுவுல எத்தனை கதவு மூடுச்சு, கடைசியில எந்த வழியா சினிமாவுக்குள்ள வந்தார்ங்கிறது ஒரு நல்ல வரலாறு. இன்னைக்கு அதைத்தான் பேசப் போறோம்.

2006, ஒரு பெட்ரூம்

முதல்ல அந்தக் காலத்தை மனசுல கொண்டு வாங்க. யூடியூப் தொடங்கியது 2005-ல். 2006 அக்டோபரில் கூகுள் அதை 165 கோடி டாலருக்கு வாங்குவதாக அறிவிக்கிறது. வீடியோ மங்கலா இருக்கும், ஓடுறதைவிட சுத்திக்கிட்டே நிக்கிறதுதான் அதிகம். 'யூடியூபர்'னு ஒரு வேலை இருக்குன்னு சொன்னா வீட்டுல சிரிச்சிருப்பாங்க. அதில் காசு வரும் என்ற எண்ணமே அப்போது சாதாரண ஆளுக்குக் கிடையாது.

அந்த வருடக் கடைசியில், மாசசூசெட்ஸ் மாநிலத்தில் ஹாமில்டன் என்ற சின்ன ஊரில், 16 வயதுப் பையன் ஒருவன் தன் அறையில் கேமராவை வைத்துவிட்டு, தானே எழுதிய ஒரு நக்கல் பாட்டைப் பாடிப் பதிவு செய்கிறான். கல்லூரிக்குப் போய்விட்ட அண்ணனுக்குக் காட்ட வேண்டும், அவ்வளவுதான் நோக்கம். அதற்கு யூடியூப்பில் போடுவதுதான் சுலபமான வழியாக இருந்தது. வாட்ஸப் இல்லாத காலம் பாருங்க. அந்த வீடியோவை பிரேக் டாட் காம் என்ற இன்னொரு தளம் எடுத்துப் போட, அண்ணனுக்காகப் பாடின பாட்டை ஊரே பார்த்துவிட்டது.

அடுத்தடுத்துப் பாட்டுகள் வந்தன. கிடாரோ பியானோவோ வைத்துக்கொண்டு வேகமாகப் பாடுவான். ஒரே வரியில் இரண்டு மூன்று சிலேடை இருக்கும். பள்ளி நாடகங்களில் நடித்த பையன் என்பதால் எங்கே முகத்தை மாற்ற வேண்டும் என்பது தெரியும். கூடவே, சொல்லக்கூடாததைச் சொல்லிப் பார்க்கும் அந்த வயசுக்கே உரிய குறும்பும் உண்டு. இனம், பாலினம், மதம் என எதையும் விட்டுவைக்கவில்லை. 2009-ல் மிசூரி மாநிலக் கல்லூரி ஒன்றில் நிகழ்ச்சி நடத்தப் போனபோது, அந்தப் பாட்டுகளில் வந்த சொற்களுக்காக அங்கிருந்த மாணவர் அமைப்புகள் எதிர்ப்புத் தெரிவித்தன. பின்னாளில் தன் ஆரம்பகால நகைச்சுவை பற்றி அவரே வருத்தத்தோடு பேசியிருக்கிறார். இதை ஏன் இப்பவே சொல்றேன்னா, பதினாறு வயசுல நாம எல்லாரும் ஏதோ ஒரு கிறுக்குத்தனத்தைப் பேசியிருப்போம். நம்மோடது காத்தோட போச்சு. அவரோடது சர்வர்ல தங்கிடுச்சு. வளர்ற வயசு முழுக்கக் கேமரா முன்னாடி கழிச்ச முதல் ஆட்கள்ல அவரும் ஒருத்தர்.

கதவுக்கு வெளியே ஒரு கூட்டம்

காமெடியன் ஒரு ஊடகத்துல பேர் வாங்கி சினிமாவுக்குப் போறது புதுசு கிடையாது. சார்லி சாப்ளினும் பஸ்டர் கீட்டனும் மேடையிலிருந்து வந்தவர்கள். பாப் ஹோப் ரேடியோவில் புகழ் பெற்றுப் படத்துக்குப் போனவர். 1975-ல் தொடங்கிய 'சாட்டர்டே நைட் லைவ்' டிவி நிகழ்ச்சியிலிருந்து ஜான் பெலூஷி 1978-ல் 'அனிமல் ஹவுஸ்' படத்துக்குப் போனார். அதுக்கப்புறம் அந்த நிகழ்ச்சியே ஹாலிவுட் காமெடிக்கு ஆள் அனுப்பும் பஸ் ஸ்டாண்ட் மாதிரி ஆகிவிட்டது.

இணையத்திலிருந்து கிளம்பியவர்களின் வரலாறு கொஞ்சம் கரடுமுரடு. தங்களுடைய வீடியோக்களைத் தாங்களே இணையத்தில் போட்டுவந்த ஆண்டி சாம்பெர்க், அகிவா ஷேஃபர், ஜோர்மா டக்கோனி மூவரும், அதாவது லோன்லி ஐலண்ட் குழு, 2005-ல் சாட்டர்டே நைட் லைவுக்குள் நுழைந்தார்கள். 2007-ல் 'ஹாட் ராட்' படம் எடுத்தார்கள். தியேட்டரில் ஓடவில்லை. இன்றைக்கு அதற்கு ஒரு ரசிகர் கூட்டம் இருக்கிறது, அது வேற விஷயம்.

அப்புறம் ஃப்ரெட். லூகஸ் க்ரூக்‌ஷாங்க் என்ற பையன் கீச்சுக் குரலில் பேசும் ஆறு வயதுச் சிறுவனாக நடித்த சேனல் அது. 2009-ல் யூடியூப்பில் முதன்முதலாக 10 லட்சம் சந்தாதாரர்களைத் தொட்டது அந்தச் சேனல்தான். 2010-ல் 'ஃப்ரெட்: தி மூவி' நிக்கலோடியன் டிவியில் வந்தது. குழந்தைகள் கூட்டமாகப் பார்த்தார்கள், விமர்சகர்கள் கிழித்துத் தொங்கவிட்டார்கள். 2015-ல் 'ஸ்மாஷ்: தி மூவி' வந்தது. அதுவும் சேனலின் ரசிகர்களைத் தாண்டிப் பெரிதாகப் போகவில்லை.

இந்தப் படங்களை வரிசையா வச்சுப் பார்த்தா ஒரு பொதுக் கணக்கு தெரியும். மூணு நிமிஷ வீடியோவுல ஜனம் சிரிச்சா, அதை எண்பது தொண்ணூறு நிமிஷத்துக்கு இழுத்தா அத்தனை மடங்கு சிரிக்கும்னு ஒரு நம்பிக்கை. கீச்சுக் குரல் மூணு நிமிஷம் கேட்டா சிரிப்பு. அரை மணி நேரம் கேட்டா தலைவலி மாத்திரை. எடிட்டரா சொல்றேன், சின்ன வீடியோவுல ஒரு ஜோக் விழலைன்னா வெட்டிட்டு அடுத்ததுக்குத் தாவிடலாம். படத்துல அப்படி முடியாது. ஒரு ஆள் எதுக்காகத் தவிக்கிறான்னு பார்க்கிறவனுக்குத் தெரியணும். அது தெரியாம வெட்டிக்கிட்டே போனா வேகம் மட்டும்தான் மிஞ்சும்.

முதல் இரண்டு முயற்சிகள்

பர்ன்ஹாமுக்கும் அதே கதவு சீக்கிரமே திறந்தது. 2008-ல் காமெடி சென்ட்ரல் நிறுவனம் அவருடைய பாட்டுகளை வெளியிட்டது. 18 வயதில், அந்த சேனலுக்காக அரை மணி நேரத் தனி நிகழ்ச்சி பதிவு செய்த மிக இளையவர் ஆனார். நியூயார்க் பல்கலைக்கழகத்தில் நாடகம் படிக்கக் கிடைத்த இடத்தைத் தள்ளிவைத்தார். அதே வருடம் மான்ட்ரியல் நகைச்சுவை விழாவில் ஜட் அபடோவைச் சந்தித்தார். '40 இயர் ஓல்ட் வர்ஜின்', 'நாக்ட் அப்' படங்களை எடுத்து அமெரிக்கக் காமெடியின் பெரிய கையாக அபடோ இருந்த நேரம் அது. அப்போது பள்ளிப் பிள்ளைகளின் தேசிய கீதம் 'ஹைஸ்கூல் மியூசிகல்'. அதற்கு நேர் எதிரான ஒரு பாட்டுப் படத்தை யுனிவர்சல் ஸ்டுடியோவுக்காக பர்ன்ஹாம் எழுதுவது என்று முடிவானது.

யோசிச்சுப் பாருங்க. 18 வயசு. ரெண்டு வருஷம் முன்னாடி அண்ணனுக்காக வீடியோ போட்ட பையன். இப்போ யுனிவர்சலுக்குத் திரைக்கதை எழுதுறான். அந்தப் படம் வரவே இல்லை. அபடோவின் 'ஃபன்னி பீப்பிள்' படத்தில், 2009-ல், ஒரு சின்ன வேடம் கிடைத்தது. அதோடு சரி.

அடுத்தது டிவி. 2013-ல் எம்டிவியில் 'ஜாக் ஸ்டோன் இஸ் கோனா பி ஃபேமஸ்' என்ற தொடர். பர்ன்ஹாம் இணைந்து உருவாக்கி, அவரே நடித்தார். பள்ளி முடித்த ஒரு பையன், கல்லூரிக்குப் போகாமல், சேர்த்து வைத்த காசைக் கொடுத்து ஒரு கேமரா குழுவை அமர்த்தித் தன் வாழ்க்கையையே ரியாலிட்டி ஷோவாகப் படமெடுக்கச் சொல்கிறான். ஏதாவது ஒரு விதத்தில் பிரபலமாக வேண்டும், எதற்காக என்பதெல்லாம் அப்புறம். இன்னைக்கு இந்தக் கதையைச் சொன்னா "எங்க தெருவுலயே நாலு பேர் இருக்காங்க"ன்னு சொல்லுவோம். 2013-ல் 12 எபிசோடோடு நிறுத்திவிட்டார்கள்.

அந்தத் தொடரில் இருந்த ஒரு விஷயத்தைக் குறிச்சு வச்சுக்கோங்க: ஒரு இளம் மனசு, எந்நேரமும் ஒரு கேமரா, பார்க்கிறவங்க இருக்காங்களான்னு தெரியாத ஒரு பதற்றம். அஞ்சு வருஷம் கழிச்சு இதே பொருளை அவர் மறுபடி எடுப்பார். ஆனா வேற கையால.

மேடையில் வந்த பயம்

நடுவில் அவருடைய நிஜமான வீடு மேடைதான். 2010-ல் எடின்பரோ ஃப்ரிஞ்ச் விழாவில் அங்குள்ள நகைச்சுவை விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு வாங்கினார். 2013 டிசம்பரில் 'வாட்' என்ற மேடை நிகழ்ச்சியை நெட்ஃபிளிக்ஸிலும் யூடியூப்பிலும் ஒரே நேரத்தில் வெளியிட்டார். யூடியூப்பில் இலவசம். 2016-ல் 'மேக் ஹேப்பி' நெட்ஃபிளிக்ஸில் வந்தது. அதன் கடைசிப் பகுதியில் கொஞ்சம் நிறுத்தி, பார்வையாளர்களிடம் நேராகப் பேசுவார். முன்பெல்லாம் மேடை ஏறுகிறவன்தான் நடிப்பான், இப்போது சமூக ஊடகம் எல்லாரையும் எந்நேரமும் மேடையில் நிறுத்திவிட்டது, பார்வையாளர் இல்லாமல் வாழ முடிந்தால் வாழுங்கள் என்ற அர்த்தத்தில் போகும் அந்தப் பேச்சு. கேமராவால் வளர்ந்த பிள்ளை சொல்றான் இதை.

அந்த நாட்களில் அவருக்கு மேடையிலேயே பேனிக் அட்டாக் வர ஆரம்பித்திருந்தது. இதை வந்தவங்க மட்டும்தான் புரிஞ்சுக்க முடியும். நெஞ்சு அடைக்கும், கை மரத்துப் போகும், இப்பவே செத்துடுவோம்னு உடம்பு சொல்லும். அது ஆயிரம் பேர் சிரிச்சுக்கிட்டு இருக்கும்போது வந்தா? 'மேக் ஹேப்பி'க்குப் பிறகு மேடையை விட்டார். காமெடியனின் வாழ்க்கையில் இது சாதாரண விஷயமில்லை. நல்லா ஓடிக்கிட்டிருந்த கடையை அவரே ஷட்டரை இழுத்து மூடினார்.

மேடைக்குப் பதிலாக மற்றவர்களின் மேடையைப் படமாக்கப் போனார். ஜெரோட் கார்மைக்கேலின் '8' என்ற நிகழ்ச்சி, கிறிஸ் ராக்கின் 'டாம்பரின்' இரண்டையும் இயக்கியது பர்ன்ஹாம்தான். கேமரா முன்னால் நின்ற ஆள் கேமராவுக்குப் பின்னால் நின்று, இன்னொருத்தர் முகத்துக்கு எவ்வளவு நெருக்கமாகப் போகலாம், ஒரு மௌனத்தை எவ்வளவு நேரம் விடலாம் என்று வேலை செய்த காலம் அது.

எட்டாவது படிக்கும் பெண்

இப்போ படத்துக்கு வருவோம். 'எய்த் கிரேட்' திரைக்கதையை அவர் எழுத உட்கார்ந்தபோது, மனசுல இருந்தது தன் பதற்றமும் இணையமும்தான். ஆனால் நாயகன் ஒரு பிரபல காமெடியன் இல்லை, ஒரு இளைஞன் கூட இல்லை. கைலா டே என்ற 13 வயதுப் பெண். எட்டாம் வகுப்பின் கடைசி வாரம். யூடியூப்பில் அறிவுரை வீடியோ போடுகிறாள்: தன்னம்பிக்கையோடு இருப்பது எப்படி, நீ நீயாக இருப்பது எப்படி. பார்க்க ஆள் கிடையாது. பள்ளியில் அவளுக்குக் கிடைக்கும் பட்டம், 'மிகவும் அமைதியானவள்'.

ஏன் ஒரு பெண் பிள்ளை? பேட்டிகளில் அவரே சொன்னது இது. எழுதுவதற்கு முன்னால் அந்த வயதுப் பிள்ளைகள் போடும் வீடியோக்களை, அதுவும் யாரும் பார்க்காத வீடியோக்களை, தேடித் தேடிப் பார்த்தாராம். பையன்கள் வீடியோ கேம் பற்றிப் பேசினார்கள். பெண்கள் தங்கள் மனசைப் பற்றிப் பேசினார்கள். அதனால் கதை பெண்ணின் பக்கம் போனது.

இங்கேதான் ஃப்ரெட் படத்துக்கும் இதுக்கும் நடுவுல உள்ள வித்தியாசம். தன் சேனலின் வெற்றியைச் சினிமாவுக்குக் கொண்டு போகவில்லை பர்ன்ஹாம். முதல் வீடியோவிலேயே லட்சக்கணக்கான பேரைப் பார்த்தவர் அவர். வெற்றி வராத பிள்ளைகளைப் பற்றி எழுதினார். யோசிச்சா அவங்கதான் பெரும்பான்மை. வைரல் ஆனவங்க கதை நமக்குத் தெரியும். 14 வியூஸோட நின்னு போனவங்க கதையை யார் சொல்லுவா?

கைலாவாக நடித்தவர் எல்ஸி ஃபிஷர். 'டெஸ்பிக்கபிள் மீ' அனிமேஷன் படத்தில் ஆக்னஸ் என்ற குட்டிப் பெண்ணுக்குக் குரல் கொடுத்தவர். 2017 கோடையில், நிஜ வாழ்க்கையில் எட்டாம் வகுப்பை முடித்த கையோடு படப்பிடிப்புக்கு வந்தார். முகத்தில் பரு இருந்தது, அதை மேக்கப் போட்டு மறைக்கவில்லை. திரைக்கதையில் கைலா ஃபேஸ்புக் பயன்படுத்துவதாக எழுதியிருந்தாராம் பர்ன்ஹாம். அதையெல்லாம் இப்போ யாருமே பார்ப்பதில்லை என்று எல்ஸிதான் சொல்லியிருக்கிறார். இன்ஸ்டாகிராம் ஆனது. இணையத்தில் பிறந்த காமெடியனுக்கு, இணையம் தன்னைத் தாண்டிப் போய்விட்டது என்று ஒரு 14 வயதுப் பெண் பாடம் எடுக்க வேண்டியிருந்தது.

எங்கே சிரிப்பு வருது?

இந்தப் படத்துல ஜோக் எங்கே இருக்குன்னு கேட்டா விரலை வச்சுக் காட்ட முடியாது. அதுதான் அதோட வேலைப்பாடு.

முதல் காட்சியில் கைலா வீடியோ எடுக்கிறாள். நீ நீயாக இரு என்பதை விளக்கப் பார்க்கிறாள். "அம்... அதாவது... வந்து..." என்று ஒவ்வொரு வாக்கியமும் எங்கோ கிளம்பி, சுற்றி, தொடங்கின இடத்துக்கே வந்து நிற்கும். எழுத்தில் தானாக வந்த மாதிரி தெரியும் அந்தத் தடுமாற்றத்தில் பெரும்பகுதி திரைக்கதையிலேயே எழுதப்பட்டது. மேடையில் ஒரு அசை பிசகாமல் சிலேடை பாடிய ஆள், வாக்கியமே முடியாத ஒரு பெண்ணுக்கு வசனம் எழுதுகிறார். ரெண்டுக்கும் வேண்டிய காது ஒண்ணுதான். நான் என் அக்கா பொண்ணுகிட்ட வெட்டச் சொன்னேனே, அந்த இழுவைதான் இங்கே முழு நடிப்பு. அதை எடுத்துட்டா கைலாவே இல்லை.

அடுத்து நீச்சல் குளக் காட்சி. வகுப்பில் செல்வாக்கான பெண்ணின் பிறந்தநாள். கைலாவைக் கூப்பிட்டது அந்தப் பெண்ணின் அம்மா. குளியலறையில் பதற்றத்தில் மூச்சு முட்டுகிறது. பிறகு பச்சை நீச்சலுடையில் வெளியே வருகிறாள். கேமரா அவள் முதுகுக்குப் பின்னால் போகிறது. அன்னா மெரிடித்தின் எலக்ட்ரானிக் இசை, ஏதோ போர்க்களத்துக்குப் போகிற மாதிரி அடிக்கிறது. திரையில் நடப்பது என்ன? பிள்ளைகள் தண்ணீர் பீய்ச்சி விளையாடுகிறார்கள், அவ்வளவுதான். நமக்குச் சிரிப்பு வரும், ஆனா அவளைப் பார்த்து இல்லை. நமக்கும் ஒரு காலத்துல ஸ்கூல் ஆண்டுவிழா மேடைக்கு ஏறுற ஆறு படி எவரெஸ்ட் மாதிரி இருந்துச்சே, அந்த ஞாபகத்துல வர்ற சிரிப்பு.

அதே படத்தில் சிரிப்பை முழுசாக நிறுத்தும் இடமும் உண்டு. ராத்திரி, காருக்குள், அவளைவிடப் பெரிய பையன் ஒருவன் விளையாட்டுப் பேச்சாக ஆரம்பித்து அவளை நெருக்குகிறான். அவள் மறுக்கிறாள். மறுத்துவிட்டு, அவளே மன்னிப்பும் கேட்கிறாள். இந்தக் காட்சியில் இசை கிடையாது, ஜோக் கிடையாது, சட்டென்று வெட்டி அடுத்த இடத்துக்குப் போவதும் கிடையாது. பதினாறு வயதில் எதையும் கேலி செய்யலாம் என்று இருந்தவர், எங்கே கேலி கூடாது என்பதைக் கற்றுக்கொண்டு எழுதிய காட்சி அது. என் கணக்குல பர்ன்ஹாம் காமெடியனா வளர்ந்ததுக்கு அதுதான் சாட்சி.

அப்புறம் அப்பா. ஜோஷ் ஹாமில்டன் நடித்திருக்கிறார். பிள்ளையை வளர்க்கும் தனி ஆள். சாப்பாட்டு மேசையில் மகள் காதில் இயர்ஃபோனோடு போனைப் பார்த்துக்கொண்டிருக்க, எதிரில் உட்கார்ந்து ஏதேதோ பேசிப் பார்ப்பார். எதைப் பேசினாலும் தப்பு. கடைசியில் வீட்டுக்குப் பின்னால் நெருப்பு மூட்டி, தான் ஆறாம் வகுப்பில் வருங்காலக் கைலாவுக்காகச் சேர்த்து வைத்த பெட்டியை அவள் எரிக்கிறாள். நான் உங்களுக்கு வருத்தம் தருகிறேனா என்று அப்பாவைக் கேட்கிறாள். அவர் சொல்லும் பதிலை நான் இங்கே சொல்ல மாட்டேன், பாருங்க. அக்காவோடு சேர்ந்துதான் அந்தப் படத்தைப் பார்த்தேன். அந்த இடத்துல அக்கா எழுந்து கிச்சனுக்குப் போயிட்டா. தண்ணி குடிக்கன்னு சொன்னா. ரொம்ப நேரம் வரலை.

எட்டாவது பிள்ளைகளுக்கு அனுமதி இல்லை

2018 ஜனவரியில் சன்டான்ஸ் விழாவில் படம் திரையிடப்பட்டது. ஜூலையில் ஏ24 நிறுவனம் வெளியிட்டது. செலவு சுமார் 20 லட்சம் டாலர், வசூல் 1.4 கோடி டாலரைத் தாண்டியது. ஹாலிவுட் கணக்கில் சின்னப் படம்தான், ஆனால் போட்ட காசுக்குப் பெரிய வரவு.

வேடிக்கை என்னன்னா, படத்துக்குக் கிடைத்த சான்றிதழ் 'ஆர்'. 17 வயதுக்குக் குறைந்தவர்கள் பெரியவர் துணை இல்லாமல் பார்க்க முடியாது. எட்டாவது படிக்கும் பிள்ளையைப் பற்றிய படத்தை எட்டாவது படிக்கும் பிள்ளை தனியாகப் பார்க்கக் கூடாது! அவர்கள் தினமும் பள்ளியில் கேட்கும் சொற்களும் பேச்சும்தான் காரணம். 2018 ஆகஸ்ட் 8 அன்று ஏ24 ஒரு வேலை செய்தது. அமெரிக்காவின் 50 மாநிலங்களிலும் ஒவ்வொரு தியேட்டரில் இலவசக் காட்சி, வயதுக் கட்டுப்பாடு கிடையாது.

ஆஸ்கர் பரிந்துரை ஒன்று கூட வரவில்லை. ஆனால் அமெரிக்க எழுத்தாளர் சங்கம் அந்த ஆண்டின் சிறந்த அசல் திரைக்கதை விருதை பர்ன்ஹாமுக்குத் தந்தது. இயக்குநர் சங்கம் முதல் பட இயக்குநருக்கான விருதைத் தந்தது. பத்து வருடம் முன்னால் யுனிவர்சலுக்கு எழுதி, வெளியே வராமலே போன பள்ளிப் படத்தை, ஒரு விதத்தில் அப்போதுதான் எடுத்து முடித்தார் என்று எனக்குத் தோன்றும். பாட்டும் ஆட்டமும் இல்லாமல்.

மறுபடியும் ஒரே அறை

கதை அங்கே முடிஞ்சிருந்தா, 'யூடியூப்பை விட்டுட்டு சினிமாவுக்குப் போனார், ஜெயிச்சார்'னு சுலபமா சொல்லிடலாம். ஆனா 2020 வந்தது. ஊரடங்கில் லாஸ் ஏஞ்சலஸ் வீட்டில் ஒரு சின்ன அறைக்குள் தனியாக உட்கார்ந்து, தானே எழுதி, தானே விளக்கு வைத்து, தானே படம் பிடித்து, தானே எடிட் செய்து, 2021 மே மாதம் 'இன்சைட்' என்ற நிகழ்ச்சியை நெட்ஃபிளிக்ஸில் வெளியிட்டார். அதில் அவருக்கு 30 வயது ஆகிறது. சிறுவயதில் தான் செய்த கேலிகளைப் பற்றியும் ஒரு பாட்டு வருகிறது. மூன்று எம்மி விருதுகள் கிடைத்தன.

ஒரு பெட்ரூம், ஒரு கீபோர்டு, ஒரு கேமரா. 2006-ல் இருந்த அதே சாமான். ஆனா இப்போ ஒவ்வொரு ஷாட்டும் ஒரு திரைப்பட இயக்குநர் வைக்கிற ஷாட். சினிமாவுல கத்துக்கிட்டதை எடுத்துக்கிட்டு பழைய அறைக்கே திரும்பி வந்த மாதிரி. அதனால இணையத்திலிருந்து சினிமாவுக்குப் போறதை ஏணி ஏறுற மாதிரி நினைக்க வேண்டாம்னு எனக்குப் படுது. ஏணின்னு நினைச்சவங்க எடுத்த படங்கள்தான் ரசிகர் கூட்டத்தோட நின்னு போச்சு. தன் சேனலை நீட்டாம, அந்தச் சேனல் தனக்கு என்ன செஞ்சதுன்னு கேட்ட ஆளோட படம் நின்னுது.

இதுல இன்னொண்ணும் இருக்கு. 2008-ல அந்த யுனிவர்சல் படம் வந்திருந்தா என்ன ஆகியிருக்கும்? பதினெட்டு வயசுல எழுதின கேலி பெரிய திரையில ஓடியிருக்கும், அவ்வளவுதான். கதவு மூடினதும், தொடர் நின்னதும், மேடையில மூச்சு முட்டினதும் சேர்ந்துதான் கைலாவை எழுத வச்சுது. தோல்வி நல்லதுன்னு நான் பிரசங்கம் பண்ணலை. பேனிக் அட்டாக் யாருக்கும் நல்லது கிடையாது. ஆனா அவர் அதை மறைக்காம கதையில போட்டார்.

படத்தில் கடைசிப் பக்கம் கைலா ஒரு வீடியோ எடுப்பாள். இனி அறிவுரை வீடியோ போடப் போவதில்லை, தானே எதையும் சரியாகச் செய்வதில்லை என்று ஒப்புக்கொள்வாள். அதற்குப் பிறகு இன்னொரு வீடியோ எடுப்பாள். அது யூடியூப்புக்கு இல்லை. பள்ளிப் படிப்பு முடியும்போது தானே திறந்து பார்க்க வேண்டிய புதுப் பெட்டிக்கு. ஒரே ஒரு பார்வையாளர், அதுவும் அவளேதான்.

படம் பார்த்த அடுத்த ஞாயிற்றுக்கிழமை அக்கா பொண்ணுகிட்ட சொன்னேன்: "அன்னைக்கு நான் பேசினது தப்புடி. உன் வீடியோ நல்லாதான் இருந்துச்சு." நம்பலை. "சும்மா சொல்றீங்க மாமா"ன்னா. நானும் வற்புறுத்தலை.

ரெண்டு மாசம் ஆச்சு. போன வாரம் அவளே வந்து பக்கத்துல உட்கார்ந்து போனைக் கையில கொடுத்தா. கேலரியில ஒரு வீடியோ, எங்கேயும் போடாதது. ஆறு நிமிஷம். செக்‌ஷன் மாத்திட்டதுல பழைய ஃப்ரெண்ட் பேசாம இருக்கிறதைப் பத்தி. முதல் 40 செகண்ட் அவ ஒண்ணுமே சொல்லலை, தலைமுடியைச் சரி பண்ணிக்கிட்டே இருந்தா. "இதை எடிட் பண்ணாதீங்க மாமா, சும்மா பாருங்க"ன்னா.

முழுசாப் பார்த்தேன். அந்த 40 செகண்டையும் சேர்த்து.

அடுத்த எபிசோடுல சந்திப்போம் மக்களே.